நவூரு: 21 சதுர கிலோமீட்டர் நாடு விடுதலை பெற்ற கதை (அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்)

நவூரு என்றதும் பலருக்குத் தெரிந்தது ஒரே கதைதான்: உரமண்ணை விற்றுப் பணக்காரர்களாகி, எல்லாவற்றையும் செலவழித்து நொடித்துப்போன தீவு. அதில் உண்மை உண்டு. ஆனால் அந்த மக்கள் தங்கள் நாட்டை எப்படிப் பெற்றார்கள் என்பது அதில் வராது. எனக்கு அந்தப் பகுதிதான் முக்கியமாகப் படுகிறது. நண்பர்களும் வாசகர்களும் என்னிடம் அடிக்கடி கேட்கும் கேள்விகளை இங்கே ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன்.

நவூரு எங்கே இருக்கிறது?

பசிபிக் பெருங்கடலின் நடுவில், நிலநடுக்கோட்டுக்குச் சற்றே தெற்கே. ஒரே ஒரு தீவு, 21 சதுர கிலோமீட்டர். கரையை ஒட்டிச் செல்லும் சாலை ஏறக்குறைய 19 கிலோமீட்டர். காரில் கிளம்பினால் அரை மணி நேரத்தில் புறப்பட்ட இடத்துக்கே வந்துவிடலாம். மக்கள்தொகை 12,000 அளவில். உலகில் இதைவிடச் சின்ன நாடுகள் வத்திக்கானும் மொனாக்கோவும் மட்டுமே.

அதிகாரபூர்வத் தலைநகர் கிடையாது. நாடாளுமன்றமும் அரசு அலுவலகங்களும் யாரென் என்ற மாவட்டத்தில் இருக்கின்றன, அவ்வளவுதான்.

நவூருவின் கொடியில் இருக்கும் நட்சத்திரம் எதைக் குறிக்கிறது?

நீல நிறம் கடல். நடுவில் போகும் மஞ்சள் கோடு நிலநடுக்கோடு. அந்தக் கோட்டுக்குச் சற்றுக் கீழே இருக்கும் வெள்ளை நட்சத்திரம் நவூரு. நட்சத்திரத்தின் 12 முனைகளும் தீவின் 12 குலங்கள். கொடியையே ஒரு வரைபடமாக வைத்துக்கொண்ட நாடு இது.

அந்தக் குலங்கள் தாய்வழிக் குலங்கள். அம்மா எந்தக் குலமோ பிள்ளையும் அந்தக் குலம். தென்னையும் தாழையும் வளர்த்து, மீன் பிடித்து, தீவின் நடுவே உள்ள புவாடா ஏரியில் பால்மீன் குஞ்சுகளை விட்டு வளர்த்து வாழ்ந்தவர்கள். கடல்மீனின் குஞ்சை நன்னீர் கலந்த ஏரிக்குப் பழக்கி வளர்ப்பது சாமானிய வேலை இல்லை.

வெளியார் எப்போது வந்தார்கள்?

1798இல் ஜான் ஃபெர்ன் என்ற ஆங்கிலேயக் கப்பல் தலைவர் அந்த வழியாகப் போனார். தீவின் அழகைப் பார்த்து 'இனிய தீவு' என்று பொருள்படும் ஒரு பெயரை வைத்துவிட்டுப் போனார். 1830களிலிருந்து திமிங்கில வேட்டைக் கப்பல்கள் வரத் தொடங்கின. கூடவே கப்பலைவிட்டு ஓடிவந்தவர்களும், சாராயமும், துப்பாக்கியும் வந்தன.

துப்பாக்கி வந்ததும் குலச்சண்டையின் தன்மையே மாறிவிட்டது. 1878இல் தொடங்கிய உள்நாட்டுப் போர் பத்து ஆண்டுகள் நீடித்தது. சுமார் 1,400 பேர் இருந்த தீவில் 900 பேர் அளவுக்குத்தான் மிஞ்சினார்கள். 1888இல் ஜெர்மனி தீவைத் தன் ஆட்சிக்குள் கொண்டுவந்து துப்பாக்கிகளைப் பறிமுதல் செய்தது. போர் நின்றது. தன்னாட்சியும் அத்துடன் போனது.

பாஸ்பேட் இருப்பதை யார் கண்டுபிடித்தார்கள்?

சிட்னியில் ஒரு வணிக நிறுவனத்தின் அலுவலகம். அங்கே கதவு சாத்திக்கொள்ளாமல் இருக்க ஒரு கல்லை முட்டுக்கொடுத்து வைத்திருந்தார்கள். நவூருவிலிருந்து வந்த கல். மரத்தின் புதைபடிவம் என்று எல்லோரும் நினைத்துக்கொண்டிருந்தார்கள். அங்கே வேலை பார்த்த ஆல்பர்ட் எல்லிஸ் சந்தேகப்பட்டு அதைச் சோதித்துப் பார்த்தார். மிகத் தரமான பாஸ்பேட். 1900இல் அவர் நவூருவுக்கும், அதற்குக் கிழக்கே சுமார் 300 கிலோமீட்டரில் உள்ள பனாபா தீவுக்கும் போய் உறுதி செய்துகொண்டார்.

பாஸ்பேட் என்றால் உரம். ஆஸ்திரேலியாவிலும் நியூசிலாந்திலும் பல இடங்களில் மண்ணில் பாஸ்பரஸ் குறைவு. இந்தக் கல்லைப் பொடித்து, அமிலம் சேர்த்து, சூப்பர் பாஸ்பேட்டாக்கிப் போட்டால்தான் அங்கே கோதுமையும் புல்லும் செழிக்கும். சில ஆண்டுகளில் வெட்டும் வேலை தொடங்கியது. நிலத்துக்குச் சொந்தக்காரர்களுக்குத் தொடக்கத்தில் கிடைத்தது டன்னுக்கு அரை பென்னி.

பிறகு ஏன் மூன்று நாடுகள் சேர்ந்து ஆண்டன?

1914இல் முதல் உலகப் போர் தொடங்கியதும் ஆஸ்திரேலியப் படை ஜெர்மானியரிடமிருந்து தீவைப் பிடித்தது. போர் முடிந்தபின் பிரிட்டன், ஆஸ்திரேலியா, நியூசிலாந்து மூன்றும் 1919இல் ஓர் ஒப்பந்தம் போட்டுக்கொண்டன. சுரங்கத்தை நடத்த 'பிரிட்டிஷ் பாஸ்பேட் ஆணையர்கள்' என்று ஓர் அமைப்பு. கல்லில் பிரிட்டனுக்கு 42 விழுக்காடு, ஆஸ்திரேலியாவுக்கு 42, நியூசிலாந்துக்கு 16. கூட்டிப் பாருங்கள், சரியாக 100. நவூரு மக்களுக்கு அந்தக் கணக்கில் இடமே இல்லை.

ஐ.நா.வுக்கு முன்னோடியான சர்வதேச சங்கம் இந்தத் தீவை ஆணையாட்சிப் பகுதியாக இந்த மூன்று நாடுகளிடம் ஒப்படைத்தபோது, அங்குள்ள மக்களின் நலனைக் காப்பதுதான் கடமை என்று காகிதத்தில் எழுதியிருந்தது. நடந்ததோ, வெட்டியெடுத்த பாஸ்பேட்டை உலகச் சந்தை விலைக்கும் குறைவாக மூன்று நாட்டு விவசாயிகளுக்கும் அனுப்பியதுதான். அந்த விலைக் குறைப்பை வருடக்கணக்கில் சுமந்தவர்கள் நவூரு மக்கள். நொடித்துப்போன தீவு என்று பேசும்போது இந்த ஐம்பது ஆண்டுக் கணக்கையும் சேர்த்துப் பேச வேண்டும்.

அங்காம் நாள் என்றால் என்ன?

நவூருவின் வரலாற்றில் என்னை மிகவும் உருக்கியது இதுதான். உள்நாட்டுப் போர் ஒரு பக்கம் ஆளைக் குறைத்தது. 1920இல் வந்த இன்ஃபுளுயன்சா காய்ச்சல் ஏறக்குறைய ஐந்தில் ஒருவரைக் கொண்டுபோனது. ஓர் இனம் அழியாமல் நிலைக்க வேண்டுமென்றால் குறைந்தது 1,500 பேராவது வேண்டும் என்று அப்போது ஒரு கணக்குச் சொன்னார்கள். அந்த எண்ணிக்கையைத் தொடும் நாளை விழாவாகக் கொண்டாடுவது என்று முடிவானது.

அந்த நாள் 1932 அக்டோபர் 26. ஒரு குழந்தை பிறந்தது. நவூரு மக்கள் 1,500 பேர் ஆனார்கள். 'அங்காம்' என்ற சொல்லுக்கு மகிழ்ச்சி, வீடு வந்து சேர்தல் என்றெல்லாம் பொருள் சொல்கிறார்கள். இன்றும் ஒவ்வோர் ஆண்டும் அக்டோபர் 26 அங்கே விடுமுறை. நாம் பிறந்ததே நாட்டுக்கு ஒரு நல்ல செய்தி என்று நினைக்கும் மக்கள் எப்படி இருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

ஆனால் அந்த எண்ணிக்கை பத்தே ஆண்டுகளில் மறுபடி சரிந்தது. மீண்டும் 1,500ஐத் தொட 1949 ஆனது.

ஏன்? இரண்டாம் உலகப் போரில் என்ன ஆயிற்று?

1942 ஆகஸ்டில் ஜப்பானியப் படை தீவைப் பிடித்தது. தீவுக்காரர்களைக் கட்டாய வேலை வாங்கி விமான ஓடுதளம் போட்டார்கள். தீவிலேயே தங்கியிருந்த ஆஸ்திரேலிய நிர்வாகியையும் இன்னும் நான்கு ஆஸ்திரேலியர்களையும் 1943இல் கொன்றார்கள். தொழுநோய் கண்டிருந்த நவூரு மக்களைப் படகில் ஏற்றிக் கடலுக்குள் கொண்டுபோய்க் கொன்றார்கள். சிகிச்சைக்கு வேறிடம் போகிறோம் என்று நம்பி ஏறியவர்கள் அவர்கள்.

தீவில் உணவு போதவில்லை. அதனால் 1943இல் சுமார் 1,200 நவூரு மக்களைக் கப்பலேற்றி, 1,500 கிலோமீட்டருக்கும் அப்பால் உள்ள ட்ரக் தீவுகளுக்கு நாடுகடத்தினார்கள். இப்போது அதன் பெயர் சூக். அது ஜப்பானியக் கடற்படையின் பெரிய தளம், அமெரிக்க விமானங்கள் ஓயாமல் குண்டு போட்ட இடம். அங்கே கடும் வேலை, பசி, நோய். 1,200 பேரில் உயிரோடு திரும்பியவர்கள் 737 பேர்.

திரும்பி வந்த நாள் 1946 ஜனவரி 31. பாஸ்பேட் ஏற்றப் பயன்படுத்திய ஒரு கப்பல்தான் அவர்களைக் கூட்டிவந்தது. அந்தத் தேதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், கீழே மறுபடி வருகிறது.

நவூரு மக்களை வேறொரு தீவுக்கு மாற்றப் பார்த்தார்கள் என்பது உண்மையா?

உண்மை. 1950களிலேயே எல்லோருக்கும் ஒன்று தெரிந்துவிட்டது: பாஸ்பேட் தீரும்போது தீவின் நடுப்பகுதி முழுவதும் பாழாகிவிடும். மண்ணைச் சுரண்டியெடுத்த இடத்தில் பவளச் சுண்ணாம்புப் பாறைகள் ஆள் உயரத்துக்கும் மேலே கூர்கூராக நீட்டிக்கொண்டு நிற்கின்றன. அங்கே வீடு கட்டவும் முடியாது, பயிர் வைக்கவும் முடியாது.

ஆஸ்திரேலியா சொன்ன தீர்வு, ஊரையே இடம் மாற்றுவது. குயின்ஸ்லாந்து கரைக்கு அருகே, கிளாட்ஸ்டன் நகரை ஒட்டிய கர்ட்டிஸ் தீவு. நவூருவைவிடப் பல மடங்கு பெரியது. நிலம் தருகிறோம், வீடு கட்டித் தருகிறோம், வேலைக்கு வழி செய்கிறோம் என்றார்கள். கேட்கக் காதுக்கு இனிமையாகத்தான் இருக்கும்.

ஒரே ஒரு சிக்கல். அங்கே போனால் அவர்கள் ஆஸ்திரேலியக் குடிமக்கள். ஓர் உள்ளூராட்சி மன்றத்துக்குரிய அதிகாரம் கிடைக்கும், அதற்கு மேல் இல்லை. தங்களை ஒரு தனி மக்களாக, தங்கள் ஆட்சியைத் தாங்களே நடத்துபவர்களாக ஏற்றுக்கொண்டால் வருகிறோம் என்றார்கள் நவூரு தலைவர்கள். ஆஸ்திரேலியா மறுத்தது. வெள்ளையர் அல்லாதவர்கள் குடியேறுவதைத் தடுத்த 'வெள்ளை ஆஸ்திரேலியா' கொள்கை இன்னும் நடைமுறையில் இருந்த காலம் அது. அங்கே போய்ப் படித்த நவூரு இளைஞர்களுக்குத் தங்களை எப்படி நடத்துவார்கள் என்று நன்றாகவே தெரியும். 1964இல் கர்ட்டிஸ் தீவு வேண்டாம் என்று சொல்லிவிட்டார்கள்.

அவர்கள் வேண்டாம் என்றபோது உள்ளூர் நவூரு மக்கள் மொத்தமே 3,000 பேர் அளவில்தான். எதிரே இருந்தது மூன்று அரசாங்கங்கள். அழிந்துகொண்டிருக்கும் சொந்த மண்ணையும், வசதியான வேற்று மண்ணையும் இரண்டு தட்டில் வைத்தபோது அவர்கள் சொந்த மண் இருந்த தட்டின் பக்கம் நின்றார்கள். எனக்கு நவூருவின் விடுதலை 1968இல் அல்ல, இந்த இடத்தில்தான் நடந்ததாகத் தோன்றுகிறது.

போயிருந்தால் என்ன ஆகியிருக்கும்?

பக்கத்துத் தீவான பனாபாவைப் பார்த்தால் ஓரளவு ஊகிக்கலாம். அதே பாஸ்பேட், அதே ஆணையர்கள். போர் முடிந்ததும், 1945 டிசம்பரில், பனாபா மக்களை ஃபிஜி நாட்டில் உள்ள ரம்பி தீவில் கொண்டுபோய்க் குடியமர்த்தினார்கள். சொந்தத் தீவில் 1979 வரை வெட்டியெடுத்துக்கொண்டே இருந்தார்கள். அதே 1979இல் கிரிபாத்தி விடுதலை பெற்றபோது, பனாபா அந்த நாட்டின் ஒரு பகுதியாகச் சேர்ந்தது. தங்களுக்குத் தனியாட்சி வேண்டும் என்று பனாபா மக்கள் கேட்டது நடக்கவில்லை. இன்று அவர்களில் பெரும்பாலோர் வாழ்வது ஃபிஜியில், அவர்களின் தீவு இருப்பது வேறொரு நாட்டில்.

விடுதலை எப்படிக் கிடைத்தது? போராட்டம் நடந்ததா?

துப்பாக்கிச் சண்டை எதுவும் இல்லை. பேச்சுவார்த்தை, மனு, கூட்டம், மறுபடி பேச்சுவார்த்தை. அதை முன்னின்று நடத்தியவர் ஹேமர் டி ரோபர்ட். 1922இல் பிறந்தவர், ஆஸ்திரேலியாவில் படித்து ஆசிரியரானவர், ட்ரக் தீவுக்கு நாடுகடத்தப்பட்டுத் திரும்பியவர்களில் ஒருவர். 1956இல் தலைமைத் தலைவரானார்.

போருக்குப் பின் நவூரு ஐ.நா. அறங்காவல் பகுதியாக இருந்தது, அதாவது ஐ.நா. மேற்பார்வையில் அந்த மூன்று நாடுகளின் பொறுப்பில். அது அவர்களுக்கு ஒரு மேடையானது. ஐ.நா. சபையிலேயே போய்த் தங்கள் வழக்கைச் சொல்ல முடிந்தது. பாதுகாப்பும் வெளியுறவும் எங்களிடம் இருக்கட்டும், மற்றதை நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள் என்று ஆளும் நாடுகள் இழுத்துப் பார்த்தன. முழு விடுதலைதான் வேண்டும் என்று டி ரோபர்ட் அசையவில்லை. 1967 அக்டோபரில் அவர்கள் ஒப்புக்கொண்டார்கள்.

தேதியை முடிவு செய்தது நவூரு மக்கள். ஜனவரி 31, 1968. ட்ரக்கிலிருந்து பிழைத்து வந்தவர்கள் கரையேறி 22 ஆண்டுகள் நிறைந்த அதே நாள். முன்னதாக, முதல் சட்டமன்றத்தைத் திறந்ததும் 1966இல் இதே ஜனவரி 31ஆம் தேதிதான். டி ரோபர்ட் முதல் குடியரசுத் தலைவரானார்.

இன்னொன்று. சுரங்கத்தின் இயந்திரங்களையும் சொத்துகளையும் ஆணையர்களிடமிருந்து நவூரு விலைகொடுத்து வாங்க வேண்டியிருந்தது. 2.1 கோடி ஆஸ்திரேலிய டாலர். தங்கள் மண்ணை வெட்டிய இயந்திரத்துக்குத் தாங்களே காசு கொடுத்தார்கள். 1970 ஜூலையில் சுரங்கம் முழுமையாக அவர்கள் கைக்கு வந்தது.

அப்புறம் அவ்வளவு பணமும் எங்கே போயிற்று?

1970களில் பாஸ்பேட் விலை ஏறியது. ஆளுக்கு இவ்வளவு என்று பார்த்தால் உலகின் மிகப் பணக்கார நாடுகளில் ஒன்றாக நவூரு இருந்தது. வரி இல்லை. மருத்துவமும் படிப்பும் இலவசம். பாஸ்பேட் தீர்ந்த பிறகு உதவட்டும் என்று அறக்கட்டளை நிதிகள் வைத்தார்கள். எண்ணம் சரியானதுதான். முதலீடுகள் சரியாக அமையவில்லை. மெல்பர்னில் 52 மாடிக் கட்டடம், வெளிநாடுகளில் ஹோட்டல்கள், ஆள் ஏறாத விமானங்களைப் பறக்கவிட்ட விமான சேவை, 1993இல் லண்டனில் எடுத்த எடுப்பிலேயே விழுந்த ஓர் இசைநாடகம். தவறான ஆலோசகர்களும் வந்து சேர்ந்தார்கள், உள்ளூர் அரசியல்வாதிகளும் பொறுப்பாக நடக்கவில்லை. இதில் மறைக்க ஒன்றுமில்லை.

2004இல் மெல்பர்ன் கட்டடம் கைவிட்டுப் போனது. 2005இல் கடனுக்காக அவர்களின் ஒரே விமானத்தையும் எடுத்துக்கொண்டு போய்விட்டார்கள். உடல்நலமும் கெட்டது. சொந்த நிலத்தில் விளைந்ததைத் தின்றவர்கள் கப்பலில் வரும் டப்பா உணவுக்கு மாறினார்கள். இன்று உலகில் நீரிழிவு அதிகமுள்ள இடங்களில் நவூருவும் ஒன்று.

அப்படியென்றால் தீவு பாழானதற்கு அவர்களே காரணம் என்று சொல்லலாமா?

பாதி சொல்லலாம். விடுதலைக்குப் பிறகு அவர்களும் வெட்டினார்கள், நிறைய வெட்டினார்கள். ஆனால் விடுதலைக்கு முன்பே வெட்டித் தீர்த்த நிலத்தை யார் சீர்செய்து கொடுப்பது? இந்தக் கேள்வியை நவூரு விடவே இல்லை.

1986இல் ஒரு விசாரணைக் குழு அமைத்தார்கள். தலைமை வகித்தவர் இலங்கையைச் சேர்ந்த சட்ட அறிஞர் சி. ஜி. வீரமந்திரி, பின்னாளில் சர்வதேச நீதிமன்றத்தின் நீதிபதியானவர். அறங்காவலாக ஒப்படைத்த நிலத்தை அழித்தவர்கள் அதைச் சீர்படுத்தவும் கடமைப்பட்டவர்கள் என்ற முடிவுக்கு அந்தக் குழு வந்தது. 1989இல் நவூரு ஆஸ்திரேலியா மீது சர்வதேச நீதிமன்றத்தில் வழக்குத் தொடர்ந்தது. பிரிட்டனும் நியூசிலாந்தும் இல்லாமல் எங்கள் மீது மட்டும் வழக்குப் போட முடியாது என்று ஆஸ்திரேலியா வாதாடியது. 1992இல் நீதிமன்றம் அதை ஏற்காமல், வழக்கு நடக்கலாம் என்றது.

அதற்குப் பிறகு ஆஸ்திரேலியா சமரசத்துக்கு வந்தது. 1993இல் 10.7 கோடி ஆஸ்திரேலிய டாலர் தர ஒப்புக்கொண்டது. அதில் பிரிட்டனும் நியூசிலாந்தும் தலா 1.2 கோடி கொடுத்தன. ஓர் ஊராட்சி அளவிலான நாடு தன்னை ஆண்டவர்களை நீதிமன்றப் படியேற்றிய வழக்கு இது. தனி நாடாக இல்லாமல், கர்ட்டிஸ் தீவில் ஓர் உள்ளூராட்சி மன்றமாக இருந்திருந்தால் இந்த வழக்கைத் தொடர்ந்திருக்கவே முடியாது. சர்வதேச நீதிமன்றத்தில் நாடுகள்தான் வழக்காட முடியும்.

அகதிகள் முகாம் இருந்தது நவூருவில்தானே?

ஆமாம். 2001இல் ஆஸ்திரேலியா, படகில் வரும் அகதிகளைத் தன் மண்ணில் இறக்காமல் நவூருவில் வைக்கத் தொடங்கியது. பணம் தீர்ந்து நின்ற நவூரு ஒப்புக்கொண்டது. 2008இல் மூடி, 2012இல் மறுபடி திறந்தார்கள். 2007இல் இலங்கையிலிருந்து படகில் வந்த சுமார் 80 பேரை, பெரும்பாலும் தமிழர்கள், அங்கே கொண்டுபோய் வைத்தார்கள். போரிலிருந்து தப்பியவர்களை முன்னறியாத ஒரு தீவில், எப்போது வெளியே போவோம் என்று தெரியாமல் காக்கவைத்தார்கள். முகாமில் இருந்தவர்கள் பட்ட மனவேதனை நிறையப் பதிவாகியிருக்கிறது. நாடுகடத்தலின் வலி என்னவென்று தாத்தா பாட்டி வழியாக அறிந்த மக்களின் தீவில் இது நடந்தது என்பது எனக்கு ஆறாத வருத்தம். அதே சமயம், அந்த முகாமை வேண்டுமென்று கேட்டது கான்பெராவில் இருந்த அரசு என்பதையும் மறக்கக் கூடாது.

இவ்வளவு சின்ன நாட்டின் விடுதலைக்கு உண்மையில் ஏதாவது மதிப்பு உண்டா?

ஐ.நா. பொதுச்சபையில் நவூருவுக்கு ஒரு வாக்கு, சீனாவுக்கும் ஒரு வாக்கு. 1999இல்தான் நவூரு உறுப்பினரானது. அந்த ஒரு வாக்குக்காகப் பெரிய நாடுகள் தேடி வருகின்றன. 2002இல் தைவானுடனான தூதரக உறவை விட்டுச் சீனாவோடு உறவு வைத்தது, 2005இல் தைவானுக்குத் திரும்பியது, 2024 ஜனவரியில் மறுபடி சீனா. வாக்கை விற்கிறார்கள் என்று ஏளனம் செய்பவர்கள் உண்டு. மண்ணும் போய், பணமும் போய், கையில் மிஞ்சியது இறையாண்மை மட்டும்தான் என்ற நிலையில் இருக்கும் ஒரு நாட்டை அப்படிச் சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

இப்போது தீவு எப்படி இருக்கிறது?

மக்களில் பெரும்பாலோர் கரையோரத்தில் ஒரு மெல்லிய வளையம்போல் வாழ்கிறார்கள். வீடு, பள்ளி, மருத்துவமனை, ஓடுதளம் எல்லாம் அங்கேதான். கடல் மட்டம் உயர உயர அந்த வளையம்தான் முதலில் பாதிக்கப்படும். உள்ளே இருக்கும் மேட்டு நிலம் வெட்டிப் பாழானது.

அதனால் 'மேட்டு நிலத் திட்டம்' என்ற ஒன்றைக் கையில் எடுத்திருக்கிறார்கள். அந்தப் பாறைகளைச் சமன்செய்து, மண் சேர்த்து, வீடுகளையும் அலுவலகங்களையும் கொஞ்சம் கொஞ்சமாக மேலே கொண்டுபோவதுதான் திட்டம். அதற்குப் பெரும் பணம் வேண்டும், பல ஆண்டுகள் ஆகும். அறுபது ஆண்டுகளுக்கு முன் 'இங்கே இனி வாழ முடியாது, கிளம்புங்கள்' என்று அவர்களிடம் சொன்னது இந்த மேட்டு நிலத்தைக் காட்டித்தான். இப்போது அவர்கள் குடியேறத் திட்டமிடுவதும் அங்கேதான்.